லாயோஷ் பீரோ: பிறர் பெயரால் நினைவுகூரப்படும் படங்களை எழுதியவர்

நெடுவழி எழுதியது:

1929 மே 16 அன்று நடந்த முதல் ஆஸ்கர் விழாவில் சிறந்த நடிகருக்கான விருது எமில் யானிங்ஸுக்குக் கிடைத்தது. அன்றைய நடைமுறைப்படி அது ஒரே படத்துக்குரிய விருது அன்று. ‘தி லாஸ்ட் கமாண்ட்’, ‘தி வே ஆஃப் ஆல் ஃபிளெஷ்’ ஆகிய இரண்டு படங்களின் நடிப்புக்கும் சேர்த்து அது வழங்கப்பட்டது. முதல் படத்தின் கதையாசிரியராகவும், இரண்டாவது படத்தின் கதையைத் திரைக்கேற்பத் தழுவியவராகவும் குறிக்கப்பட்டிருப்பவர் ஒருவரே. அவர் லாயோஷ் பீரோ என்ற ஹங்கேரியர். அதே விழாவில் கதைக்கான பிரிவில் அவருடைய பெயரும் பரிந்துரைக்கப்பட்டிருந்தது. விருது ‘அண்டர்வேர்ல்ட்’ படத்துக்காகப் பென் ஹெக்டுக்குப் போயிற்று. சில ஆண்டுகள் கழித்து ‘தி பிரைவேட் லைஃப் ஆஃப் ஹென்றி தி எய்த்’ படத்துக்காகச் சார்லஸ் லாட்டன் ஆஸ்கர் பெற்றபோதும், அப்படத்தை ஆர்தர் விம்பெரிஸுடன் சேர்ந்து எழுதியவர் பீரோதான். இத்தனைக்குப் பிறகும் உலக சினிமாவைப் பற்றிப் பேசும் நம்மில் எத்தனை பேருக்கு அவருடைய பெயர் தெரியும் என்று எண்ணிப் பார்க்கிறேன். இந்த இழையை அவருக்காகத் தொடங்குகிறேன்.

பீரோ 1880இல் பிறந்தவர். நாட்யவாராத் நகரத்தில் (இன்று ருமேனியாவில் உள்ள ஒராதியா) பத்திரிகையாளராக இருந்தார்; கவிஞர் எந்த்ரெ ஆடியும் அந்நகரத்துப் பத்திரிகைகளில்தான் எழுதிப் பழகினார். பிறகு பீரோ புதாபெஸ்ட்டுக்குச் சென்றார். பத்திரிகையாசிரியர் யோஷெஃப் வேஸியின் மகள் ஒருவரை அவர் மணந்துகொண்டார். அந்த வீட்டின் மற்றொரு மகளை நாடகாசிரியர் ஃபெரென்ஸ் மோல்னார் மணந்திருந்தார். அவர் எத்தகைய சூழலில் எழுதினார் என்பதை விளங்கிக்கொள்ள இந்த உறவு ஒன்றே போதும். 1910இல் ‘மஞ்சள் அல்லி’, 1912இல் மெனிஹெர்ட் லெங்யெலுடன் இணைந்து ‘பேரரசி’, 1917இல் ‘ஹோட்டல் இம்பீரியல்’ என்று அவருடைய நாடகங்கள் வந்தன. மூன்றுமே பின்னர் ஹாலிவுட்டில் படமாயின. ‘பேரரசி’யை இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ச் 1924இல் ‘ஃபர்பிடன் பாரடைஸ்’ என்று எடுத்தார். ‘மஞ்சள் அல்லி’யை 1928இல் அலெக்சாண்டர் கோர்டா எடுத்தார்.

1918 இலையுதிர்காலத்தில் போர் முடிந்து முடியாட்சி சரிந்து மிஹாய் காரொயியின் அரசு அமைந்தபோது, பீரோ வெளியுறவுத் துறையின் அரசுச் செயலராகப் பொறுப்பேற்றார். அந்த அரசு சில மாதங்களே நீடித்தது. அதன்பின் வந்த புரட்சி ஆட்சியும் கவிழ்ந்து வலதுசாரி ஆட்சியாளர் ஹோர்த்தியின் காலம் தொடங்கியதும், தாராளவாதிகளும் யூதர்களும் கலைஞர்களும் நாட்டைவிட்டு வெளியேறிய அலையில் அவரும் வெளியேறினார். பெரிதும் தொடர்ச்சியாக எழுதிய திரைப்படப் பணி அதற்குப் பின்னரே அமைந்தது. 1932இல் கோர்டா லண்டனில் ‘லண்டன் ஃபிலிம்ஸ்’ நிறுவனத்தை உருவாக்கியபோது அதைத் தொடங்கியவர்களுள் பீரோவும் ஒருவர். 1948இல் லண்டனில் இறக்கும்வரை கோர்டாவுடனேயே இருந்தார்.

இனி நான் சொல்ல வந்ததற்கு வருகிறேன். பீரோ தாமாகவே உருவாக்கிய கதைகளில் ஒரே நிலைமை மீண்டும் மீண்டும் வருகிறது. ஆணையிட்டுப் பழகிய ஒரு மனிதர் ஆணைக்குக் கீழ்ப்படிந்து நிற்க வேண்டியவராகிறார். ‘ஹோட்டல் இம்பீரியல்’ கதையில், ரஷ்யர்கள் கைப்பற்றிய கலீசிய எல்லை ஊரில் சிக்கிக்கொண்ட குதிரைப்படை அதிகாரி, விடுதிப் பரிசாரகராக வேடமிட்டு எதிரித் தளபதிக்கே பரிமாறுகிறார். ‘தி லாஸ்ட் கமாண்ட்’ படத்தில், ஜாரின் உறவினரான படைத்தளபதி ஹாலிவுட்டில் ஒரு நாளைக்கு ஏழரை டாலர் கூலிக்குத் துணை நடிகராக வந்து நிற்கிறார். அவரைத் தளபதி வேடத்துக்குத் தேர்ந்தெடுக்கும் இயக்குநரோ ஒருகாலத்தில் அவர் சாட்டையால் அடித்த புரட்சிக்காரர். இந்த நிலைமையைப் பீரோ அளவுக்கு உறுதியாகப் பற்றி எழுதியவர் அக்காலத்து ஹாலிவுட்டில் வேறொருவர் இல்லை என்பது என் எண்ணம். மற்றவர்களின் கருத்தை அறிய விரும்புகிறேன்.

கானல்வரி எழுதியது:

நல்ல தொடக்கம், நெடுவழி. ‘ஹோட்டல் இம்பீரியல்’ பற்றி நான் சற்று விரித்து எழுதுகிறேன். அந்த ஒரு நாடகத்தின் பயணத்தைப் பார்த்தாலே பீரோவின் கட்டமைப்புத் திறன் தெரிந்துவிடும்.

1927இல் அது பாரமவுண்ட் தயாரிப்பாக வந்தது. எரிக் பொம்மர் தயாரிக்க, ஸ்வீடனிலிருந்து வந்த மௌரிட்ஸ் ஸ்டில்லர் இயக்க, போலா நெக்ரி விடுதிப் பணிப்பெண் அன்னாவாக நடித்தார். 1936இல் அதை மார்லீன் டீட்ரிச்சைக் கொண்டு மறுபடி எடுக்க முயன்று கைவிட்டார்கள். 1939இல் இசா மிராண்டாவும் ரே மிலாண்டும் நடித்து ஒரு பதிப்பு வந்தது. இவை எல்லாவற்றையும்விட 1943இல் பில்லி வைல்டரும் சார்லஸ் பிராக்கெட்டும் அதை எடுத்து எகிப்துப் பாலைவனத்துக்கு மாற்றியதுதான் வியப்புக்குரியது. ‘ஃபைவ் கிரேவ்ஸ் டு கெய்ரோ’ என்ற அந்தப் படத்தில் ஆஸ்திரிய அதிகாரி பிரிட்டிஷ் கார்ப்பரல் ஆகிவிடுகிறார். ரஷ்யத் தளபதியின் இடத்தில் எரிக் வான் ஸ்ட்ரோஹைம் நடித்த ஜெர்மானியத் தளபதி ரோமெல் வருகிறார். விடுதியின் பெயர்கூட ‘எம்ப்ரஸ் ஆஃப் பிரிட்டன்’ என்று மாறுகிறது. போர் மாறியது, நாடு மாறியது, கண்டம் மாறியது; பீரோ போட்ட அடித்தளம் மட்டும் அசையவில்லை.

அந்தப் படத்தில் ஒரு பொருளைக் கவனித்துப் பாருங்கள். கார்ப்பரல் பிராம்பிள், குண்டுவீச்சில் இறந்துபோன டாவோஸ் என்ற பரிசாரகரின் இடத்தை எடுத்துக்கொள்கிறார். டாவோஸுக்குக் கால் ஊனம். எனவே தடித்த அடி வைத்த அந்தக் காலணியை மாட்டிக்கொண்டு பிராம்பிள் நொண்டி நடக்க வேண்டியிருக்கிறது. அதற்குப் பிறகுதான் அந்த டாவோஸ் ஜெர்மானியரின் உளவாளியாக இருந்தவர் என்பதும், ரோமெல் தம்மை அந்த உளவாளி என்றே எண்ணிப் பேசுகிறார் என்பதும் அவருக்குப் புரிகிறது. உண்மையான டாவோஸின் உடல் நிலவறை இடிபாட்டுக்குள் கிடக்கிறது. விமானத் தாக்குதலின்போது இடிபாடு சரிந்து, அதே போன்ற ஒரு காலணி வெளியே தெரிகிறது. உயிருடன் இருப்பவர் காலிலும் இறந்தவர் காலிலும் ஒரே வகைக் காலணி இருப்பதை ஜெர்மானிய அதிகாரி காணும் அந்த நொடியில் வேடம் கலைந்துவிடுகிறது.

காலணி வைல்டர், பிராக்கெட் இருவரின் கைவண்ணமாக இருக்கலாம். அதை நான் பீரோவின் கணக்கில் எழுதவில்லை. ஆனால், எதிரிக்குக் காப்பி ஊற்றிக்கொண்டே உயிர் பிழைக்க வேண்டும், அதைக் காப்பாற்றுவதும் காட்டிக்கொடுப்பதும் ஒரு பணிப்பெண்ணின் கையில் இருக்கிறது என்ற முக்கோணம் முழுவதும் 1917ஆம் ஆண்டு மேடையிலிருந்து வந்தது. இருபத்தாறு ஆண்டுகள் கழித்து வைல்டர் போன்ற ஒரு கைதேர்ந்த எழுத்தாளர் அதைப் பிரித்துப் பார்த்துவிட்டு, மாற்ற வேண்டிய அவசியமில்லை என்று விட்டுவைத்திருக்கிறார். ஒரு திரைக்கதை எழுத்தாளருக்கு இதைவிடப் பெரிய நற்சான்று தேவையில்லை.

பொருநை எழுதியது:

இருவருக்கும் வணக்கம். பீரோவைப் பேசப்படாத எழுத்தாளர் என்று சொல்வதில் எனக்கு மாறுபாடு இல்லை. ஆனால், ‘ஆணையிட்டவர் கீழ்ப்படிபவர் ஆகிறார்’ என்பதை அவருடைய முத்திரையாகக் கொள்வதற்கு முன் மூன்று தடைகளைக் கடக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

முதலாவது, ‘தி லாஸ்ட் கமாண்ட்’ கதை உண்மையில் யாருடையது என்ற வழக்கு. ஹாலிவுட்டில் உணவகம் நடத்திக்கொண்டு படங்களில் சிறு வேடங்களுக்கும் வந்துகொண்டிருந்த ஒரு முன்னாள் ரஷ்யத் தளபதியைச் சந்தித்ததாக லூபிட்ச் சொன்ன செய்தியே இதன் விதை என்பது பலராலும் சொல்லப்படுவது. இயக்குநர் ஜோசப் வான் ஸ்டெர்ன்பெர்க்கோ தம்முடைய தன்வரலாற்றில், அந்த விதையை வளர்த்துக் கதையாக்கியவர் தாமே என்று உரிமை கொண்டாடுகிறார். அப்படியானால் விதையும் பீரோவுடையதில்லை, வளர்ப்பிலும் பங்கு கேட்க ஒருவர் இருக்கிறார்.

இரண்டாவது, லண்டன் காலத்துப் படங்களில் வேடமிட்ட மனிதர்கள் நிறைய வருகிறார்கள். ஆனால் அவர்கள் மூல நூல்களிலிருந்து வந்தவர்கள். ‘தி ஸ்கார்லெட் பிம்பர்னெல்’ (1934) படத்தின் பகட்டுக்காரப் பிரபு ஆர்க்ஸி சீமாட்டியின் நாவலுக்குரியவர். ‘தி ஃபோர் ஃபெதர்ஸ்’ (1939) படத்தில் நெற்றியில் சூடுபோட்டுக்கொண்டு ஊமையாகச் சூடானில் திரியும் முன்னாள் அதிகாரியின் கதை மேசனின் நாவலிலிருந்து வருகிறது. அந்தப் படத்திலும் முதன்மை எழுத்தாளர் ஆர்.சி. ஷெரிஃப், பீரோவுக்குக் கிடைத்தது கூடுதல் உரையாடல் என்ற அளவிலான பெயரே.

மூன்றாவதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அரசுச் செயலராக இருந்தவர் நாடிழந்து படநிறுவனங்களுக்குக் கதை எழுதிப் பிழைத்தார், அந்த வாழ்க்கையே கதையாயிற்று என்று படிக்க மனம் விரும்பும். நெடுவழி அதைச் சொல்லவில்லை; ஆனால் அடுத்து வரும் யாரேனும் சொல்வார்கள். ‘ஹோட்டல் இம்பீரியல்’ எழுதப்பட்ட 1917இல் பீரோ புதாபெஸ்ட்டில் புகழோடு இருந்தவர். பதவியும் அப்போது வரவில்லை, நாடுகடந்த வாழ்வும் வரவில்லை. ஆகவே வாழ்க்கையைக் கொண்டு அந்தக் கதையை விளக்க முடியாது.

நெடுவழி எழுதியது:

பொருநை அவர்களின் மூன்றாவது கருத்தை மனமார ஏற்கிறேன். அதுவே என் வாதத்துக்கு வலிமை சேர்க்கிறது என்றும் நினைக்கிறேன். வாழ்க்கை பின்னால் வந்தது, கதை முன்னால் வந்தது. நாடிழப்பதற்கு முன்பே அந்த நிலைமை அவருடைய மனத்தில் நாடகமாக உருவாகியிருந்தது என்றால், அது அனுபவத்தின் எதிரொலி அன்று. அவர் உலகத்தைப் பார்த்த விதம். ஒரு பேரரசு போரில் குலைந்துகொண்டிருப்பதைக் கண்ணெதிரே பார்த்த பத்திரிகையாளர் அவர். சீருடை என்பது எவ்வளவு எளிதில் கழற்றிப் பிறர்மேல் மாட்டக்கூடியது என்பதை அறிவதற்கு 1917ஆம் ஆண்டின் ஆஸ்திரிய ஹங்கேரிய எல்லையைவிட நல்ல இடம் இருந்திருக்க முடியாது.

லண்டன் படங்களை நான் என் வாதத்துக்குள் கொண்டுவரவில்லை. அங்கே பீரோ செய்த வேலையின் தன்மை வேறு. நம் ஜெமினி நிறுவனத்தின் கதை இலாகாவைப் பற்றித் தெரிந்தவர்களுக்கு அது எளிதில் விளங்கும். கோர்டாவின் நிறுவனத்தில் பீரோ கதைப் பொறுப்பைப் பார்த்தவர்; ஒரு நாவல் வரும், அதில் எதை எடுப்பது, எங்கே தொடங்குவது, எந்தப் பாத்திரத்தை விடுவது என்று முடிவாகும்; உரையாடலை ஆங்கிலம் தாய்மொழியான வேறொருவர் எழுதுவார். ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ (1940) படத்தின் எழுத்துப் பட்டியலில் இந்தப் பிரிவு வெளிப்படையாகவே இருக்கிறது: காட்சிவாரியான கதையமைப்பு பீரோ, திரைக்கதையும் உரையாடலும் மைல்ஸ் மாலிசன். பொம்மைகள்மேல் தீராத ஆசை கொண்ட பஸ்ரா சுல்தானாக நடித்தவரும் அந்த மாலிசன்தான். மூன்று இயக்குநர்கள் மாறி மாறி எடுத்து, போர் மூண்டதும் படப்பிடிப்பை அமெரிக்காவுக்குக் கொண்டுபோய் முடித்த படம் அது. அத்தனை கைகள் பட்டும் அது ஒரே கதையாகத் தோன்றுகிறதென்றால், அடியில் யாரோ ஒருவர் உறுதியான சட்டகத்தைப் போட்டிருக்கிறார் என்பதுதான் பொருள். அரசர் தம் அமைச்சரால் ஏமாற்றப்பட்டுக் குருட்டுப் பிச்சைக்காரராகச் சந்தையில் உட்கார்ந்திருக்கும் காட்சியில் படம் நிலைகொள்வதையும் சொல்லிவைக்கிறேன்.

ஸ்டெர்ன்பெர்க் பற்றி: அவர் தம் படங்களில் பிறருடைய பங்கைப் பெரிதாக ஒப்புக்கொண்டவர் அல்லர். அவர் கூறுவதை முற்றாகத் தள்ளவும் தேவையில்லை. படத்தின் தொடக்கத்தில், துணை நடிகர் கூட்டம் ஒவ்வொரு சாளரமாக நகர்ந்து மேலங்கி, காலணி, தொப்பி என்று வாங்கிக்கொண்டே போகும் அந்த நீண்ட நகர்வு முழுக்க முழுக்க அவருடைய கலை. அடுத்து ஒப்பனை அறையில் தளபதி தம் பழைய பணப்பையிலிருந்து ஜார் கொடுத்த பதக்கத்தை எடுக்கும்போது பக்கத்திலிருப்பவர்கள் எள்ளி நகையாடுகிறார்கள். படப்பிடிப்புத் தளத்தில் உதவி இயக்குநர் பதக்கத்தைத் தவறான இடத்தில் குத்த, தளபதி மெல்லத் திருத்துகிறார். தமக்கே எல்லாம் தெரியும் என்று அந்த உதவியாளர் அவரை அடக்குகிறார். உண்மையான தளபதிக்குத் தளபதியின் உடையைப் பற்றிச் சொல்லும் உரிமை இல்லை. இந்தச் சூழலைக் கதையாகப் பார்த்தால், பரிசாரகர் உடையில் தட்டோடு நிற்கும் அந்த அதிகாரியின் உடன்பிறப்பாகத்தான் எனக்குத் தெரிகிறது. யார் எழுதினார்கள் என்று நீதிமன்றத்தில் நிறுவ என்னால் முடியாது. ஆனால் 1917இல் அதை எழுதியவர் ஸ்டெர்ன்பெர்க் அல்லர்.

மாலைக்காட்சி எழுதியது:

இதுவரை நீங்கள் பேசிய படங்களைப் பற்றி எனக்குக் கருத்து வேறுபாடில்லை. ஆனால், பீரோவின் பெயர் இருக்கும் வேறு இரண்டு படங்களைத் தொடாமல் இந்த இழை நிறைவடையக் கூடாது. ஒன்று ‘சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்’ (1935), மற்றொன்று ‘தி டிரம்’ (1938).

‘தி டிரம்’ மேசனின் கதை, தழுவல் பீரோ, திரைக்கதை விம்பெரிஸ் முதலிய மூவர். வடமேற்கு எல்லைப்புறத்து டோகோட் என்ற கற்பனைச் சமஸ்தானத்தில், பிரிட்டிஷாருக்கு எதிராகச் சதி செய்யும் சிற்றப்பனிடமிருந்து தப்பும் சிறுவன் இளவரசன் அசீம், முரசறைந்து பிரிட்டிஷ் படையைக் காப்பாற்றுகிறான். அசீமாக நடித்தவர் மைசூர் யானைப்பாகன் மகனான சாபு. பளபளக்கும் டெக்னிகலர் படம். அதே ஆண்டில் அது பம்பாயிலும் சென்னையிலும் திரையிடப்பட்டபோது கடும் எதிர்ப்புக் கிளம்பியது. பம்பாயில் அது கலவரம்வரை போயிற்று. அப்போது இரண்டு மாகாணங்களிலும் காங்கிரஸ் அமைச்சரவைகள் இருந்தன. பாபுராவ் படேலின் ‘ஃபிலிம்இந்தியா’ இதழ் இவ்வகைப் படங்களுக்கு எதிராகத் தொடர்ந்து எழுதியது. அந்த மக்கள் சினம் கொண்டதில் என்ன தவறு? இந்தியர் இருவகைதான், ஒன்று வஞ்சகர், மற்றொன்று விசுவாசி என்று படம் பிரிக்கிறது. விடுதலை வேண்டும் என்று நினைக்கும் நேர்மையான ஒருவருக்கு அந்தக் கதையில் இடமே இல்லை. கதையில் யாருக்கு இடம் உண்டு, யாருக்கு இல்லை என்பதை முடிவு செய்வதுதான் பீரோவின் வேலை என்று நெடுவழியே எழுதியிருக்கிறார்.

‘சாண்டர்ஸ்’ படத்தில் நிலைமை இதைவிட மோசம். ஆப்பிரிக்கப் பண்பாட்டுக்குப் பெருமை சேர்க்கும் என்று நம்பிப் பால் ராப்சன் நடித்தார். முடிந்த படம் பேரரசின் புகழ்ப்பாட்டாக வந்திருந்ததைக் கண்டு பின்னர் அதை வெளிப்படையாகக் கைவிட்டார். எழுதியவர்கள் பீரோவும் ஜெஃப்ரி டெல்லும்.

ஆணையிட்டவர் கீழிறங்கும் துயரத்தை அவ்வளவு நுட்பமாக உணர்ந்த ஒருவருக்கு, தலைமுறை தலைமுறையாகக் கீழே நிறுத்தப்பட்டவர்களின் நிலை ஏன் தெரியாமல் போயிற்று? வீழ்ந்த தளபதிக்காக நம்மைக் கண்ணீர் விடச் செய்தவர், அந்தத் தளபதியின் சாட்டையடி பட்டவர்களை வில்லன்களாகவே பார்த்தாரா? இதை நான் குற்றச்சாட்டாக மட்டும் கேட்கவில்லை. விடை தேடியும் கேட்கிறேன்.

கானல்வரி எழுதியது:

மாலைக்காட்சி கேட்டது நியாயமான கேள்வி. விடை என்று எனக்குத் தோன்றுவதைச் சொல்கிறேன். அது பீரோவுக்கு வக்காலத்து ஆகாது.

முதலில் ஒரு செய்தி. 1921இல் பீரோ ‘பாஜின் நகரத்து யூதர்கள்’ என்ற நாவலை வெளியிட்டார். இன்று ஸ்லோவாக்கியாவில் இருக்கும் அந்த ஊரில் 1529இல் ஒரு கிறித்தவக் குழந்தையைக் கொன்றதாகப் பொய்ப்பழி சுமத்தி முப்பது யூதர்களை எரித்துக் கொன்றார்கள். தம் இனத்துக்கு நேர்ந்த அந்தக் கொடுமையைத்தான் நாடுகடந்த சூழலில் எழுத எடுத்துக்கொண்டார். ஆகவே அதிகாரத்துக்குக் கீழே இருப்பவர்களின் துயரம் அவருக்குத் தெரியாது என்று சொல்ல முடியாது. தெரிந்திருந்தது என்பதுதான் இந்தக் கேள்வியை இன்னும் கடினமாக்குகிறது.

அன்றைய லண்டனில் கோர்டாவின் கூட்டம் எப்படி வாழ்ந்தது என்பதையும் நினைக்க வேண்டும். நடு ஐரோப்பாவில் ஒவ்வொரு நாடாகக் கதவை மூடிக்கொண்டிருந்தது. தமக்குப் புகலிடம் தந்த பிரிட்டனை அவர்கள் சட்டத்தின் ஆட்சி நிலவும் நாடாகப் பார்த்தார்கள். அந்த நாட்டின் பேரரசையும் அதே கண்ணால் பார்த்துவிட்டார்கள். நன்றியுணர்வு அவர்களின் கண்ணை மறைத்தது. எல்லோருடைய கண்ணையும் அது மறைக்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ‘சாண்டர்ஸ்’, ‘தி டிரம்’ இரண்டையும் இயக்கிய சோல்தான் கோர்டா, ஆப்பிரிக்காவில் தாம் படம்பிடித்த மக்களின் பக்கம் மனம் சாய்ந்தவர். படத்தின் போக்கைப் பற்றித் தம் அண்ணன் அலெக்சாண்டரோடு சண்டையிட்டார். அதே நிறுவனத்தில், அதே மொழி பேசி, அதே நகரத்திலிருந்து தப்பி வந்த ஒருவருக்குத் தெரிந்தது பீரோவின் எழுத்தில் இறங்கவில்லை. இதை நான் குறையாகவே பதிவு செய்கிறேன்.

‘சாண்டர்ஸ்’ படத்தில் துணை நடிகர்களுள் ஒருவராக ஜோமோ கென்யாட்டா நின்றிருக்கிறார். பிற்காலத்தில் கென்யாவின் முதல் குடியரசுத் தலைவரான அதே கென்யாட்டா. பீரோவின் கதையில் தலைவர் துணை நடிகராகிறார். இங்கே துணை நடிகர் தலைவரானார். அந்தத் திசையில் ஒரு கதையை அவர் எழுதவேயில்லை.

மாலைக்காட்சி எழுதியது:

நன்றி, கானல்வரி. கென்யாட்டா பற்றிய செய்தி எனக்குப் புதிது. கேள்விக்கு நேரான விடையும் அதில் இருக்கிறது. மேலிருந்து கீழே வருபவரைத்தான் பீரோவால் அருகில் நின்று பார்க்க முடிந்தது. ‘தி லாஸ்ட் கமாண்ட்’ படத்தில்கூட, புரட்சிக்காரராக இருந்து இயக்குநரான லெவ் ஆண்ட்ரேயெவுக்கு (வில்லியம் பவல்) நல்ல காட்சிகள் உண்டு. ஆனால் அவர் எப்படி அந்த நாற்காலிக்கு வந்தார் என்பதைக் கதை கேட்பதேயில்லை. கடைசியில் தளபதியின் பெருமையை ஒப்புக்கொள்வதே அவருடைய வேலையாகிறது. எனக்கு அந்தப் படம் இன்றும் பிடிக்கும். ஆனால் அந்த இடத்தில் எப்போதும் ஓர் உறுத்தல் உண்டு.

தறி எழுதியது:

உங்கள் விவாதத்தைப் படித்த பிறகு இந்தப் படங்களைப் பார்க்க வேண்டும் என்ற ஆவல் வந்துவிட்டது. மௌனப் படங்கள் எனக்குப் பழக்கமில்லை. எதிலிருந்து தொடங்கலாம், எதை விட்டுவிடலாம் என்று யாராவது வழிகாட்டினால் உதவியாக இருக்கும்.

நெடுவழி எழுதியது:

தறி, ‘ஃபைவ் கிரேவ்ஸ் டு கெய்ரோ’விலிருந்தே தொடங்குங்கள். பேசும் படம், விறுவிறுப்பானது, மௌனப் படப் பழக்கம் எதுவும் தேவையில்லை. ஓட்டுநர் இறந்து கிடக்க, பீரங்கி வண்டி தானாகவே மணல்மேட்டில் ஏறி இறங்கிப் போய்க்கொண்டிருக்கும் முதல் காட்சியிலேயே உள்ளே இழுத்துக்கொள்ளும். அதில் யார் யாருக்குப் பரிமாறுகிறார்கள், யார் யாரை அழைக்க மணியடிக்கிறார்கள் என்பதை மட்டும் கவனியுங்கள்.

அடுத்து ‘தி லாஸ்ட் கமாண்ட்’. எழுத்து அட்டைகளை அவசரமின்றிப் படித்து, யானிங்ஸின் தலை ஓயாமல் ஆடிக்கொண்டிருப்பதற்கான காரணம் நடுப்பகுதியில் எங்கே கிடைக்கிறது என்று பாருங்கள். பனி உறைந்த ஆற்றுக்குள் ரயில் பாலத்தோடு சரியும் அந்தக் காட்சிக்குப் பிறகு, தொடக்கத்தில் பார்த்த கிழவரை நீங்கள் வேறு மனிதராகப் பார்ப்பீர்கள். நடந்தது பின்னால், அதன் தழும்பு முன்னால் என்று அடுக்கியதில்தான் கதை எழுதியவரின் கை இருக்கிறது.

மூன்றாவதாக 1927ஆம் ஆண்டு ‘ஹோட்டல் இம்பீரியல்’. வைல்டரின் படத்தைப் பார்த்துவிட்டு இதற்கு வந்தால், எது மாறியது, எது மாறவில்லை என்று நீங்களே எடைபோடலாம். வைல்டர் படத்தில் பணிப்பெண்ணுக்கு நேரும் முடிவையும், இதில் போலா நெக்ரியின் அன்னாவுக்குக் கிடைக்கும் முடிவையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

‘ஹென்றி’ படம் லாட்டனின் நடிப்புக்காகப் பார்க்க வேண்டியது. குறிப்பாக, கோழியைக் கையால் பிய்த்துத் தின்றுகொண்டே இக்காலத்தில் நாகரிகம் போய்விட்டது என்று அவர் அலுத்துக்கொள்ளும் விருந்துக் காட்சி. அரசரின் வாழ்வை அடுத்தடுத்த திருமணங்களின் வழியாக மட்டுமே சொல்லி, மத வழக்கையும் அரசியலையும் வெளியே நிறுத்திய துணிவு அதன் எழுத்தாளர்களுக்கு உரியது. ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ வீட்டில் குழந்தைகள் இருந்தால் அவர்களோடு பாருங்கள். ‘டான் ஜுவான்’ (1934), ‘தி டிவோர்ஸ் ஆஃப் லேடி எக்ஸ்’ (1938) இரண்டையும் விட்டுவிட்டாலும் இழப்பில்லை. ‘தி டிரம்’ படத்தை விட்டுவிடச் சொல்ல மாட்டேன். மாலைக்காட்சி எழுதியதைப் படித்துவிட்டுப் பாருங்கள்.

பொருநை எழுதியது:

அந்தப் பட்டியலோடு ஒரு படத்தைச் சேர்க்க அனுமதி கேட்கிறேன். 1947இல் கோர்டா தயாரித்து இயக்கிய ‘ஆன் ஐடியல் ஹஸ்பண்ட்’. ஆஸ்கர் வைல்டின் நாடகம், திரைக்கதை பீரோ. அடுத்த ஆண்டே அவர் இறந்தார். படம் ஆடையணிகளின் அழகில் மூழ்கிச் சற்றே மந்தமாகப் போகிறது என்பது உண்மை. பாலெட் காடார்ட் நடித்த திருமதி செவ்லி மட்டும் ஒவ்வொரு முறையும் அதை எழுப்பி உட்கார வைக்கிறார்.

நெடுவழியின் வாதத்தை இப்போது நான் பெருமளவு ஏற்றுக்கொள்வதால் இதைச் சொல்கிறேன். அந்தக் கதையின் நாயகர் சர் ராபர்ட் சில்டர்ன், பிரிட்டிஷ் வெளியுறவுத் துறையின் துணைச் செயலர். 1918இல் புதாபெஸ்ட்டில் பீரோ வகித்ததற்கு ஏறக்குறைய இணையான பதவி. சில்டர்ன் இளமையில் செய்த ஒரு தவறு வெளிப்பட்டுப் பதவியும் பெயரும் பறிபோகும் நிலைக்கு வருகிறார். பீரோவின் சொந்தக் கதையாக இருந்தால் அவர் அடுத்த காட்சியில் யாருக்கோ தட்டு ஏந்தி நின்றிருப்பார். வைல்டின் கதையில் அவர் வீழவில்லை. உயர்ந்து அமைச்சரவைக்கே போகிறார். மூலத்துக்கு மாறாக எதையும் செய்யாமல் பீரோ அதை அப்படியே விட்டிருக்கிறார். கோர்டா கொடுத்த வேலையைச் செய்தார் என்று மட்டும் கொள்வதா, அறுபத்தேழு வயதில் அந்த முடிவை எழுதுவது அவருக்கு நிறைவு தந்திருக்குமா என்று நான் ஊகிக்க மாட்டேன். ஆனால் ‘தி லாஸ்ட் கமாண்ட்’ பார்த்த சூட்டோடு இதைப் பார்த்தால், சில்டர்ன் தம் மேசைமுன் உட்கார்ந்து ராஜினாமாவைப் பற்றிப் பேசும் இடங்களில் உங்களுக்கு யானிங்ஸின் நினைவு வருகிறதா என்று இங்கே வந்து எழுதுங்கள்.